எழினியூருக்கு அனுப்பிய நெல்

கடகம் 3, வெள்ளி

ஆடிக்காற்று என்று ஊரார் சொல்லும் கடகக் காற்று, நேற்றுச் சின்னசேலத்தில் மேடைப் பந்தலின் தென்பக்கத்தைக் கிழித்துக்கொண்டு போயிற்று. ஆயினும் கூட்டம் கலையவில்லை. ஒரு மணிப்பொழுது பேசினேன். முடிக்கப்போகும் வேளையில் முன்வரிசையில் ஒருவர் எழுந்து, "ஐயா, அந்த மகன் கதை?" என்றார். சொன்னேன். கைப்பேசி விளையாட்டுக்கு அடிமையாகிவிட்ட ஒரே மகனைப் பிடரியில் கைவைத்துத் தெருவில் தள்ளி, "தமிழுக்கு ஆகாதவன் எனக்கும் ஆகாதவன்" என்று கதவைத் தாழிட்டதைச் சொன்னேன். நான்கு ஆண்டுகளாக ஊர் ஊராகச் சொல்லி வருகிறேன். ஓர் ஊரிலும் கைதட்டல் குறைந்ததில்லை.

தொண்டை புண்ணாகிவிட்டது. அதிமதுரம் தீர்ந்துவிட்டது, வாங்க வேண்டும்.

தாமரைச்செல்வி ஒரு கிழமையாகச் சரியாக உண்பதில்லை. கேட்டால் வயிற்றுப் பொருமல் என்கிறாள். இன்று காலை அடுக்களையில் கைப்பேசியை வெறித்தபடி நின்றாள். பால் பொங்கி அடுப்பை அணைத்தது. "அடுப்பைப் பார்" என்றேன். "பாத்துக்கிட்டுதாங்க இருக்கறன்" என்றாள், கைப்பேசியைப் பார்த்தபடியே.

கடகம் 4, காரி

எந்தச் சிறப்பும் இல்லாத நாளில் வீட்டில் பாயசம். என்னவென்று கேட்டேன். "தோணிச்சு, வச்சன்" என்றாள் தாமரைச்செல்வி. இரண்டு குவளை அவளே குடித்தாள். வயிற்றுப் பொருமல் எங்கே போயிற்று என்று தெரியவில்லை.

குடித்துக்கொண்டிருக்கையில் மன்றச் செயலாளர் வேலிறையனின் அழைப்பு. மேடையில் என்னை "நாவேந்தே" என்று விளிப்பவர், தொலைபேசியில் எப்போதும் "அண்ணே" தான்.

"அண்ணே, இன்னாண்ணே பண்ணி வச்சிருக்கீங்க?"

"எதை?"

"வலைத்தளத்துல உங்க பக்கத்தப் பாருங்க. 'கோட்டைக்காவல் விளையாட்டில் அறவாழி தொண்ணூறாம் நிலையை எட்டினார், வாழ்த்துங்கள்'னு வந்து நிக்குது. நம்ம ஆளுங்களே முந்நூறு பேரு வாழ்த்து சொல்லிட்டானுங்க. ஒருத்தன் மாலை படம் வேற போட்டிருக்கான்!"

நாற்பதாயிரம் பேர் பின்தொடரும் பக்கம் அது. கைப்பேசி விளையாட்டுகளைத் தடைசெய்யக் கோரி எங்கள் மன்றம் பண்ணுருட்டியில் மாநாடு கூட்டப்போகும் நாள் கடகம் 26. அம்மாநாட்டின் முதன்மைப் பேச்சாளன் நான்.

"பகைவர் சூழ்ச்சி" என்றேன்.

"சூழ்ச்சின்னா சீக்கிரம் கண்டுபுடிங்கண்ணே. மேடையேறி சூழ்ச்சின்னு சொன்னா, எவன் செஞ்சான்னு அடுத்த கேள்வி வரும்."

பாயசம் ஆறி ஆடை படிந்துவிட்டது.

கடகம் 6, திங்கள்

பேருந்து நிலையத்தின் எதிரே கைப்பேசி பழுதுபார்க்கும் ரெஜினாவிடம் போனேன். கிளம்புகையில் தாமரைச்செல்வி வாயிலில் வந்து நின்று, "என்னங்க, கடவுச்சொல்லு கிடவுச்சொல்லு எதையும் மாத்திடாதீங்க" என்றாள். அவள் என் கைப்பேசியைப் பற்றிப் பேசி நான் கேட்டதே இல்லை.

ரெஜினாவுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. "ஐயா, நீங்க கேம் ஆடுவீங்களா! உங்க பேச்சக் கேட்டுட்டு வந்து எங்க வீட்டுக்காரரு என் போனத் தூக்கி பீரோல வச்சுப் பூட்டிட்டாரு. போன் கடை வச்சிருக்கறவ கிட்டயே!"

"சிரிப்பதற்குரிய செய்தியன்று, அம்மா."

"சரி சரி, கோச்சிக்காதீங்க." என் வலைத்தளக் கணக்கின் அமைப்புகளுக்குள் புகுந்து, படி இறங்குவதுபோல் ஒவ்வொன்றாகத் திறந்தாள். "இங்க பாருங்க. உங்க கணக்கு வழியா உள்ள போன செயலி எல்லாம் இங்க வரிசையா நிக்கும். ரயில் டிக்கெட்டு, அகராதி, மழை பாக்கறது. நாலாவதா கோட்டைக்காவல். சேத்தது நாலு வருசத்துக்கு முன்னாடி, கடைசியா தொறந்தது இன்னிக்கிக் காலையில அஞ்சே காலுக்கு."

"அப்பொழுது நான் நடைப்பயிற்சியில் இருந்தேன். கைப்பேசி வீட்டில் இருந்தது."

"அதான் சொல்றன். வேற யாரோ வேற எங்கியோ ஒக்காந்து, உங்க பேருல உள்ள போயி ஆடறாங்க. திருடன் இல்ல ஐயா. திருடன் நாலு வருசமா ஒக்காந்து கோட்டை கட்டமாட்டான்."

அவள் அதைத் திறந்தாள். மதில், அகழி, நெற்களஞ்சியம், மாடத்தில் மயில். வாயிலின்மேல் ஒரு பலகை: எழினியூர்.

என் மகன் பெயர் எழினி. வலைத்தளத்தில் எனக்குக் கணக்குத் தொடங்கித் தந்தவன் அவன்தான். கடவுச்சொல்லும் அவன் வைத்ததே. அதை மாற்றத் தெரியாது என்று இந்த நான்கு ஆண்டுகளாகச் சொல்லி வந்திருக்கிறேன்.

ரெஜினா சிரிப்பதை நிறுத்திவிட்டாள். வேலையைப் போல விளக்கினாள். நட்புக்கோட்டை ஒன்றே ஒன்று: சரோஜா. நாள்தோறும் நூறு மூட்டை நெல் அங்கிருந்து வருகிறது, இங்கு எடுத்துக்கொள்ளப்படுகிறது. இடையில் ஒன்பது நாள் எடுக்கவில்லை. கடகம் நான்காம் நாள் காலை தொள்ளாயிரம் மூட்டையும் ஒருங்கே எடுத்ததால் கோட்டை தொண்ணூறாம் நிலைக்குத் தாவியது. அந்தச் செய்திதான் என் பக்கத்தில் வந்து விழுந்தது.

"இந்த 'நீக்கு'வ அமுக்குனா உங்க கணக்குக்கும் கேமுக்கும் தொடர்பு அறுந்துடும். ஆனா அவரு கட்டுனதெல்லாம் அங்கியே கெடக்கும். ஒரு மாசத்துக்குள்ள திரும்ப சேத்துக்கலாம். கீழ ஒரு கட்டம் இருக்கு பாருங்க, 'சேமித்ததையும் அழி'ன்னு. அதுல டிக் அடிச்சிட்டு அமுக்குனா கடக்கால் வரைக்கும் போயிடும். அப்புறம் யாராலயும் கொண்டார முடியாது." விரலை உயர்த்தி வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள். "அமுக்கட்டுமா?"

"வேண்டாம்" என்றேன். ஒலிவாங்கி இல்லாமலே தெருவரை கேட்டுவிட்டது.

சரோஜா என்பது யாரென்று தெரியவில்லை. திருமணத்துக்கு முன் தாமரைச்செல்விக்கு அப்பெயர் இருந்தது. மணமேடையிலேயே அவ்வடசொல்லை நீக்கித் தமிழாக்கி, மாலை மாற்றும் முன் பெயர் மாற்றினேன். அப்பெயர் இவ்வீட்டில் வழங்கி இருபத்தாறு ஆண்டு ஆயிற்று. நாட்டில் எத்தனையோ சரோஜாக்கள்.

கடகம் 8, அறிவன்

ஐந்து மணிக்கே விழித்துக் கோட்டையைப் பார்த்திருந்தேன். சான்று திரட்டுவது மாநாட்டுக்குப் பயன்படும். ஐந்தே காலுக்குக் களஞ்சியத்தின் கதவு தானே திறந்தது; நூறு மூட்டை உள்ளே சென்றது. மேலைமதிலில் இரண்டு கல் ஏறின. பிறகு கதவு மூடிக்கொண்டது. அவ்வளவே.

அவன் எந்த ஊரில் எந்தச் சுவர் ஓரத்தில் அமர்ந்து அதைச் செய்தான் என்பதை அது காட்டாது.

அதே வேளையில் அடுக்களையில் தாமரைச்செல்வி தனக்குள் பாட்டு முணுமுணுத்தாள்.

கடகம் 9, வியாழன்

ஐந்தே காலுக்கு எடுத்தான். அதிமதுரம் வாங்கினேன்.

கடகம் 10, வெள்ளி

கோட்டை வாயிலில் அறிவிப்புப் பலகை ஒன்று உண்டு. கோட்டைக்கு உரியவர் எழுதலாம். கணக்கு என்னுடையது, எனவே நானும் உரியவன். எழுதினேன்: "அன்பு மகனே எழினி, உன் தந்தை எழுதுகிறேன். நீ சென்ற நாள்முதல் இம்மனை" என்பதோடு நின்றுவிட்டது. அதற்குமேல் பலகையில் இடமில்லை. ஒரு மணிப்பொழுதுக்குக் குறைவாக நான் எதையும் சொல்லிப் பழகியதில்லை. இருமுறை சுருக்கிப் பார்த்தேன். இரண்டும் பாதியிலேயே நின்றன. அப்படியே விட்டுவிட்டேன்.

கடகம் 11, காரி

என் எழுத்து துடைக்கப்பட்டிருந்தது. அவ்விடத்தில்:

"கதைய நிறுத்துங்க அப்பா."

வேறொன்றுமில்லை. கதையை என்று எழுதக் கற்பித்திருக்கிறேன். கதைய என்று எழுதியிருக்கிறான். அப்பா என்று எழுதியிருக்கிறான்.

கடகம் 13, திங்கள்

உளுந்தூர்ப்பேட்டைக் கூட்டம். மகன் கதையைச் சொல்லவில்லை. தொண்டை சரியில்லாமையால் சுருக்கமாக முடித்தேன். "மகன் கதை! மகன் கதை!" என்று குரல் எழுந்தது, கையை அசைத்து அமர்ந்துவிட்டேன். நனைந்த துணியைக் கல்லில் அடிப்பதுபோல் அங்கொன்றும் இங்கொன்றுமாய்க் கைதட்டல். எனக்குப் பின் பேசியவன் நேற்றுவரை என் பின்னால் தண்ணீர்க்குவளை பிடித்து நின்றவன். அவனுக்கு எழுந்து நின்று தட்டினார்கள்.

கடகம் 17, வெள்ளி

கடைத்தெருவில் சுவரொட்டி. பெயரில்லை, மேல்துண்டு அணிந்த ஒருவரின் நிழலுரு, கையில் கைப்பேசி. "விடிந்தால் விளையாட்டு, சாய்ந்தால் வீரவுரை." மோனை நன்று. பால்காரர் இன்று என் முகத்தைப் பார்க்காமல் பால் ஊற்றினார்.

தாமரைச்செல்வியின் பேச்சு குறைந்துவிட்டது. என் கைப்பேசி எங்கே இருக்கிறது என்று மட்டும் அவள் கண் தேடிக்கொண்டே இருக்கிறது.

கடகம் 21, செவ்வாய்

வேலிறையன் வீட்டுக்கு வந்தார். நாற்காலியை என் பக்கம் இழுத்துப்போட்டு அமர்ந்தார்.

"அண்ணே, தலைவரு ஒரே பேச்சா சொல்லிட்டாரு. மாநாட்டு மேடையில, முப்பதடித் திரையில, உங்க போன மாட்டறோம். எல்லாரும் பாக்க அந்தக் கேம நீங்களே உங்க கையால அழிக்கறீங்க. 'என் பெயரை நுழைத்த பகைவனுக்கு என் மறுமொழி'ன்னு ஒரு அடி போடுறீங்க. அவ்ளோதான்! சுவரொட்டி ஒட்டினவன் பசையோட ஓடிப்போவான்."

"அழிக்கத்தான் வேண்டுமா?"

"இன்னாண்ணே கேள்வி இது? இல்லன்னா மேடை உங்களுக்கு இல்லண்ணே. எனக்குச் சொல்லவே நாக்கூசுது. அந்தத் தண்ணிக்குவளப் பய தயாரா நிக்கறான்."

தாமரைச்செல்வி தேநீர்த் தட்டோடு கதவருகே நின்றாள். தட்டு நடுங்கியது. வேலிறையன், "இன்னா அண்ணி, குளுரா?" என்று சிரித்தார். அவள் தட்டைத் தரையில் வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

முப்பத்திரண்டு ஆண்டுகளாக மேடையே என் வீடு.

கடகம் 24, வெள்ளி

எழுதவேண்டியதை எழுதிவிடுகிறேன்.

காலை உணவுக்குப் பின் தாமரைச்செல்வி என் எதிரே தரையில் அமர்ந்து, தன் கைப்பேசியை என் மடியில் வைத்தாள். சின்ன ஓட்டுவீடு, முன்னால் நெல்வயல், பலகையில் சரோஜா. வயலுக்கு அப்பால் எழினியூர் மதில்.

"அவன் எங்கிட்ட பேச மாட்டான். நானும் பேச மாட்டன். பேசினா நீங்க கேப்பீங்க, கேட்டா மேடையில சொல்லுவீங்க. காலையில நூறு மூட்ட அனுப்புவன். அவன் எடுத்துக்குவான். எடுத்துக்கிட்டான்னா உசுரோட இருக்கான்னு எனக்கு அர்த்தம். நடுவுல ஒம்போது நாளு எடுக்கல. காய்ச்சல்ல கெடந்தானோ, இன்னா ஆச்சோ. அந்த ஒம்போது நாளும் என் தொண்டையில சோறு எறங்கல. உங்களுக்கு அடுப்பு அணைஞ்சது மட்டும்தான் கண்ணுக்குத் தெரிஞ்சுது."

"அவனே அன்றோ போனான்" என்றேன்.

அவள் என்னை நிமிர்ந்து பார்த்தாள். "நீங்க யாரையும் வாசல்ல புடிச்சித் தள்ளல. அவன் கூடத்துல ஒக்காந்து தோசை தின்னுக்கிட்டிருந்தான். நீங்க சந்தைத் திடல்ல பேசிக்கிட்டிருந்தீங்க. எதுத்த கம்பத்துல கொழாய் கட்டியிருந்தானுங்க. 'என் மகனைத் தெருவில் தள்ளிவிட்டேன்'னு கொழாயில உங்க கொரலு. ஊரே கை தட்டுச்சு. அவன் பாதி தோசைய தட்டுலயே வச்சிட்டு என்னப் பாத்து, 'அப்பா என்ன வெளிய அனுப்பிட்டாராம்மா'ன்னான். பைய எடுத்தான். 'அவரு இந்தக் கதைய நிறுத்துற அன்னிக்கி வரன்'னு சொல்லிட்டு எறங்கினான். நீங்க மேடையிலயிருந்து வந்து, 'எங்கே அவன்'னு கேட்டீங்க."

உவமையும் உயர்வுநவிற்சியும் மேடைக்கு உரியன என்று சொல்ல வாயெடுத்தேன்.

"அதத் தொடாதீங்க. உங்களுக்கு மேடைதான வேணும், வச்சிக்குங்க. இது ஒன்ன மட்டும் விட்டுருங்க" என்று சொல்லிவிட்டு, கைப்பேசியை என் மடியிலிருந்து எடுத்து முந்தானையில் துடைத்துக்கொண்டாள்.

கடகம் 25, காரி

வழி உண்டு. ரெஜினாவிடம் மீண்டும் கேட்டு உறுதி செய்துகொண்டேன். 'நீக்கு' என்பதை மட்டும் அழுத்துவேன், கட்டத்தில் குறியிடமாட்டேன். மேடைக்கு மேடையும் ஆயிற்று. எழினியூருக்கும் ஒரு கல் நகராது. மறுநாளே மீண்டும் சேர்த்துவிடுவேன். மகன் கதையையும் இனிச் சொல்வதில்லை. தாமரைச்செல்வியிடம் சொன்னேன். "சத்தியமா?" என்றாள். உறுதி என்று திருத்தி, உறுதி கூறினேன்.

நாளை வெண்ணிற மேல்துண்டு.

கடகம் 27, திங்கள்

நேற்றைய மாநாடு வெற்றி. ஐயாயிரம் பேர். பலாக்கொட்டை அவியும் மணம் திடல் முழுதும். முகப்பில் முப்பதடித் திரை. நேரலையில் உலகெங்கும் காட்டினார்கள்.

பேச்சு பிசிறின்றி அமைந்தது. "நஞ்சு என் பெயரிலேயே என் வீட்டுக்குள் நுழைந்தது, அதை என் விரலாலேயே பிடுங்குகிறேன்!" என்றதும் திடல் எழுந்தது. கைப்பேசியைத் திரையோடு இணைத்தார்கள். வரிசை வந்தது, நான்காவதைத் தொட்டேன். முப்பதடி உயரத்துக்கு எழினியூர் எழுந்து நின்றது. மேலைமதிலில் புதுக்கற்கள். மாடத்து மயிலை அவ்வளவு பெரிதாக நான் பார்த்ததில்லை. கூட்டம் பழித்து ஊளையிட்டது.

'நீக்கு' வந்தது. அதன்கீழ்க் கட்டமும் வந்தது. நான் கட்டத்தைத் தொடாமல் 'நீக்கு' நோக்கி விரலை நகர்த்தினேன். என் விரலின் நகர்வைத் திரையில் ஐயாயிரம் பேரும் பார்த்துக்கொண்டிருந்தனர்.

இடப்பக்கத்திலிருந்து ஒருவன் கத்தினான்: "அண்ணே, கட்டம்! அந்தக் கட்டம்!"

"ஆமா, கட்டத்த விட்டுட்டாரு!" என்றது பெண்கள் பக்கம்.

வேலிறையன் பின்னிருந்து என் காதோடு, "டிக் அடிங்கண்ணே. விட்டீங்கன்னா நாளைக்கு அதையே புடிச்சிக்குவானுங்க" என்றார்.

பிறகு திடல் முழுதும் ஒரே தாளம். கட்டம்! கட்டம்! கட்டம்! ஒவ்வொரு சொல்லுக்கும் ஒரு கைதட்டு. ஐயாயிரம் பேர் ஒரே சொல்லைச் சொல்கையில் அதற்கு எதிராக நிற்க எனக்கு யாரும் கற்பித்ததில்லை. அத்தகைய ஒரே சொல்லைக் கூட்டத்தின் வாயில் வைக்கத்தான் கற்றிருக்கிறேன்.

கட்டத்தில் குறி விழுந்தது. 'நீக்கு' அழுந்தியது.

மதில் முதலில் மறையவில்லை. மயில்தான் மறைந்தது. பிறகு களஞ்சியம், மாடம், மதில். இறுதியில் பலகை.

கைதட்டல் அடங்க நான்கு மணித்துளிகள் ஆயின. நான் இதுவரை பெற்றவற்றுள் அதுவே நீண்டது. அது அடங்குமுன்னே முன்வரிசை கேட்டது. சொல்லாமல் இறங்க இயலவில்லை. மகன் கதையைச் சொன்னேன்.

கடகம் 28, செவ்வாய்

ஐந்தே காலுக்குத் தாமரைச்செல்வி அடுக்களையில் நின்றாள். நான் கதவருகே நின்றேன். என்னைப் பாராமலே பேசினாள்.

"நூறு மூட்ட அனுப்பிப் பாத்தன். 'இப்பெயரில் ஊர் இல்லை'ன்னு வருது."

அவள் கையிலிருந்த திரையில் வயலுக்கு அப்பால் வெறும் புல்.

"நேரலையில அவனும் பாத்திருப்பான்" என்றாள்.

கடகம் 29, அறிவன்

ரெஜினாவிடம் போனேன். "நானும் பாத்தன் ஐயா" என்றாள். புதிதாக ஒரு கோட்டை திறந்து தரச் சொன்னேன். திறந்தாள். ஒரு குடிசை, ஒரு வேலி. "எழினியூர்னே வச்சிருக்கன். ஆனா அவரு திரும்ப உள்ள வந்து பாத்தாதான தெரியும்?" என்றாள். என் கணக்கின் கடவுச்சொல்லை மாற்றவில்லை. எவரும் உள்ளே வரவில்லை.

கடகம் 30, வியாழன்

எவரும் வரவில்லை. தாமரைச்செல்வி உண்ணவில்லை.

மடங்கல் 1, காரி

விடிந்தது. தாமரைச்செல்வி கைப்பேசியை எடுக்கவில்லை. அது அரிசிப்பானையின் மூடிமேல் கிடக்கிறது. நேற்றே அணைந்திருக்க வேண்டும், மின்னேற்றவில்லை. சரோஜா என்று ஒரு முறை அழைத்துப் பார்த்தேன். அவள் திரும்பவில்லை.

பத்து மணிக்கு அரியலூர்க் கிளையிலிருந்து அழைத்தார்கள். வரும் ஞாயிறு பொதுக்கூட்டம். மகன் கதையைப் புது முடிவோடு கேட்கிறார்களாம். திரையில் கோட்டை சரிந்தது வரைக்கும். வருகிறேன் என்றேன்.

"குழாய் ஒலிபெருக்கி எந்தப் பக்கம் பாத்துக் கட்டணுங்க ஐயா?" என்று கேட்டார் கிளைச் செயலாளர்.

அவன் எந்த ஊரில் இருக்கிறான் என்று எனக்குத் தெரியாது.

எல்லாப் பக்கமும் கட்டுங்கள் என்றேன்.